சத்தத்துக்கும் விமானத்துக்கும் நடுவில் எட்டுச் செக்கன்

அம்மா சைக்கிளை முற்றத்தில் தலைகீழாக நிறுத்தி, பக்கத்தில் குந்தியிருந்து, பெடலைக் கையால் சுற்றிக்கொண்டிருந்தார். பின்சில்லில் உரசிய டைனமோவிலிருந்து இரண்டு வயர்கள் புறப்பட்டு, கதிரையில் வைத்திருந்த வானொலிக்குள் போயின. அம்மாவின் கை தளர்ந்தால் செய்தி வாசிப்பவரின் குரலும் தளர்ந்து கிணற்றுக்குள் இறங்கிவிடும். கை வேகமெடுத்தால் அவருக்கும் உற்சாகம் வந்துவிடும்.

வானொலிக்கு முன்னால் அப்பாவும் நானும் குனிந்து நின்றோம். அப்பாவிடம் அவருடைய கைமணிக்கூடு, என்னிடம் அம்மாவின் கல்யாண மணிக்கூடு. இரண்டிலும் செக்கன் முள்ளைப் பன்னிரண்டில் நிறுத்தி, திருகியை வெளியே இழுத்துப் பிடித்திருந்தோம். எட்டு மணிக்குரிய நேர ஒலி வரப்போகிறது.

"நிப்பாட்டாமல் சுத்தும். இன்னும் அரை நிமிசம்," என்றார் அப்பா.

அம்மா முணுமுணுத்துக்கொண்டே சுற்றினார். அரைக்க வேண்டிய உழுந்து ஒரு பக்கம் ஊறிக்கொண்டு கிடந்தது, அவருடைய பொறுமையும் அதோடு சேர்ந்து ஊறியிருக்கும். ஐந்து குட்டி ஒலிகள், பிறகு ஒரு நீளமான ஒலி. அந்த நீளமான ஒலி தொடங்கிய கணத்தில் இரண்டு பேரும் திருகியை அமுக்கினோம். இரண்டு முள்ளும் ஒன்றாகப் புறப்பட்டன. எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது. அப்பா கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, ஒரு முழு நிமிடம் இரண்டு மணிக்கூட்டையும் பக்கம் பக்கமாக வைத்துப் பார்த்தார். பிசகவில்லை.

பிறகு அம்மா சைக்கிளை நிமிர்த்திக் கொடுக்க, அப்பா அதே சைக்கிளில் ஏறி, இரண்டு மைல் தள்ளியிருந்த தன் இடத்துக்குப் போனார். நான் படலையைத் திறந்துகொண்டு வீதிக்கு வந்தேன். குண்டு போட வருகிற விமானம் எவ்வளவு வேகமாக வருகிறது என்று அளப்பதற்காக.

சிரிக்காதீர்கள். அன்று அந்த அளவில்தான் என் படிப்பு தொங்கிக்கொண்டிருந்தது. விமானம் சத்தத்தைவிட மெதுவாக வருகிறது என்று நான் காட்டினால் பௌதிக வகுப்புக்குப் போகலாம். சத்தத்தை முந்தி வருகிறது என்றால் வீட்டோடு இருக்க வேண்டும். உயர்தரப் பரீட்சைக்கு மூன்று மாதம் இருந்தது, பாடத்தில் இரண்டு அலகு முடியவில்லை.

பதினெட்டு மைல்

வாசகர் ஒருவர், பெண்பிள்ளையான உங்களுக்கு ரொக்கட் பைத்தியம் எங்கேயிருந்து பிடித்தது என்று எழுதிக் கேட்டிருக்கிறார். ஆண்பிள்ளைகளுக்கு எங்கேயிருந்து பிடிக்கிறதோ அங்கேயிருந்துதான் ஐயா.

ஆறாம் வகுப்பில் ஒரு பழைய சஞ்சிகையின் நடுப்பக்கத்தில் ரொக்கட் ஒன்றின் படத்தைக் கண்டேன். நெருப்பும் புகையுமாகக் கிளம்பிக்கொண்டிருந்தது. பூமியை விட்டுப் போக வேண்டுமானால் செக்கனுக்கு ஏழு மைல் ஓட வேண்டும் என்று படத்துக்குக் கீழே போட்டிருந்தார்கள். ஏழு மைல் என்றால் எவ்வளவு என்று எனக்குத் தெரிந்த இடங்களில் வைத்துப் பார்த்தேன். கரவெட்டியிலிருந்து யாழ்ப்பாணப் பட்டினம் பதினெட்டு மைல். இடையிலுள்ள வல்லை வெளியில் காற்று எதிர்த்தடிக்காத நாளில் பஸ் ஒரு மணியும் பத்து நிமிடமும் எடுக்கும். ரொக்கட் இரண்டரைச் செக்கனில் போய்விடும்.

எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. கொப்பியின் பின் மட்டையில் பட்டியல் போட்டேன். சத்தம் பட்டினம் போய்ச்சேர ஒன்றரை நிமிடத்துக்குக் கொஞ்சம் குறைவு. பயணிகள் போகும் ஜெட் விமானத்துக்கு இரண்டு நிமிடம், அதாவது ஜெட்டைவிடச் சத்தம் முந்திவிடும். சத்தத்தைப்போல் இரண்டு மடங்கு ஓடும் சுப்பர்சொனிக் விமானத்துக்கு முக்கால் நிமிடம்கூட வேண்டாம். பூமியைச் சுற்றிவரும் ரொக்கட்டுக்கு மூன்றரைச் செக்கன். சுப்பர்சொனிக்கைப் பெரிய ஆள் என்று நினைத்திருந்தேன், ரொக்கட்டுக்கு முன்னால் அது மாட்டு வண்டி.

பட்டியலை அப்பாவிடம் காட்டினேன். அவர் கவனமாக வாசித்துவிட்டு ஒன்றுதான் கேட்டார்.

"இரண்டரைச் செக்கனெண்டால் கொண்டக்டர் எப்ப பிள்ளை ரிக்கற் கிழிக்கிறது?"

எல்லாரையும் அனுப்புகிறவர்

அப்பா பஸ் நிலையத்தில் ரைம்கீப்பர். சந்தியில் நாலடிக்கு நாலடி தகரக் கூண்டு ஒன்றுக்குள் இருந்து, வருகிற பஸ்ஸின் நேரத்தையும் வெளிக்கிடுகிற பஸ்ஸின் நேரத்தையும் பதிவேட்டில் எழுதுவது வேலை. வாகனம், வந்த நேரம், வெளிக்கிட்ட நேரம், பயணிகள், குறிப்பு என்று ஐந்து நிரல். எழுதி முடித்து விசில் ஊதினால்தான் சாரதி கியரில் கை வைப்பார்.

அந்தக் கூண்டில் இருபத்திரண்டு வருடம் இருந்தவர், கடமை நேரத்தில் ஒருநாளும் பஸ்ஸில் ஏறியதில்லை. எல்லாரையும் அனுப்பிவிட்டுச் சைக்கிளில் வீட்டுக்கு வருவார். மழையோ, பனியோ, கடைசி பஸ் எங்கள் படலையைத் தாண்டித்தான் போகுமோ, அதெல்லாம் அவருக்கு ஒரு பொருட்டில்லை. ரைம்கீப்பர் ஏறினால் பிறகு ஆர் எழுதிறது என்பார்.

அவர் பதிவேட்டில் வெட்டுத்திருத்தம் கிடையாது. பிழை வந்தால் ஒற்றைக் கோடு போட்டு வெட்டி, சரியான நேரத்தை மேலே எழுதி, பக்கத்தில் சுருக்கொப்பம் வைக்க வேண்டும் என்பது விதி. அந்த விதியைத் தன் கைபடப் பாவிக்க நேரவில்லை என்பதில் அவருக்கு இருந்த பெருமையை, சிலருக்குப் பிள்ளைகள் டொக்டர் ஆனாலும் காண முடியாது.

சண்டை பெருத்து, டீசல் இல்லாமல் போய், மின்சாரமும் போய், ஜாம்போத்தல் விளக்கில் நாங்கள் படிக்கத் தொடங்கிய காலத்தில் பஸ்களும் நின்றுபோயின. மண்ணெண்ணெயைக் குடித்துப் புகை கக்கிக்கொண்டு ஒன்றிரண்டு மினிபஸ்கள் ஓடின. அவற்றுக்கு நேரமும் இல்லை, ரைம்கீப்பரும் தேவையில்லை. ஆனாலும் அப்பா காலையில் பதிவேட்டை எடுத்துக்கொண்டு சந்திக்குப் போவதை நிறுத்தவில்லை. எழுத வாகனம் இல்லாதபோது வானத்தில் போனவற்றை எழுதத் தொடங்கினார்.

எங்கள் சனத்துக்கு அவை எல்லாம் சத்தத்தாலேயே அத்துப்படி. கடகடவென்று வந்தால் ஹெலி. கனத்த குரலில் முக்கி முனகிக்கொண்டு மெதுவாக வந்தால் சகடை, வயிற்றுக்குள் பீப்பாய்க் குண்டோடு வருகிற பெரிய விமானம் அது. குத்தென்று இறங்கினால் பொம்மர். கடைசியாக வந்து சேர்ந்த ஜெட்டுக்குச் சனம் வைத்த பெயர் சுப்பர்சொனிக்.

பெயரால் வந்த வினை

அந்தப் பெயர்தான் என் தலையில் விழுந்தது. சுப்பர்சொனிக் என்றால் சத்தத்தை முந்துவது என்று ஊரில் ஆரோ படித்தவர் விளக்கம் சொல்லிவிட்டார். அவ்வளவுதான். இரண்டு நாளில் சந்தை, கோயில், கிணற்றடி எல்லாம் ஒரே கதை. சுப்பர்சொனிக் வரும்போது சத்தம் வராது, சத்தம் கேட்டால் அது குண்டைப் போட்டுவிட்டுப் போய்விட்டது என்று அர்த்தம். பங்கருக்குள் ஓட நேரமே இருக்காது.

எங்கள் பௌதிக வகுப்பு சந்திக்குப் பக்கத்தில், கிடுகுக் கொட்டில் ஒன்றில் நடந்தது. யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் பல்கலைக்கழகப் படிப்பு இழுபட்டுக்கொண்டே போக, ஊருக்கு வந்து நின்ற இளைஞர் ஒருவர்தான் மாஸ்ரர். இருபத்தாறு பேர் படித்தோம். கொட்டிலுக்குப் பின்னால் பனங்குற்றியும் மண்மூடையும் போட்டு ஒரு பங்கர். சத்தம் கேட்டால் ஓடிப் பதுங்கலாம் என்ற நம்பிக்கையில்தான் தாய் தகப்பன்மார் பிள்ளைகளை அனுப்பினார்கள். சத்தமே வராதென்றால் எந்தத் தகப்பன் அனுப்புவார்? ஒரே கிழமையில் இருபத்தாறு ஒன்பதானது. அந்த ஒன்பதில் நான் இல்லை.

அப்பா சத்தம் போடவில்லை. பதிவேட்டை மூடிவைப்பதுபோல் என் பௌதிகக் கொப்பியை மூடி மேசையில் வைத்தார். உயிரோடு இருந்தால் அடுத்த வருடமும் சோதினை வரும் என்றார். அடுத்த வருடம் என்ற ஒன்று அந்த நாட்களில் யாருக்கு நிச்சயம்? நான் அழுதேன், சாப்பிடாமல் இருந்தேன், ஒன்றும் எடுபடவில்லை.

மூன்றாம் நாள் கணக்கை எடுத்துக்கொண்டு போனேன். சத்தத்தை முந்தக்கூடிய விமானம் என்பது வேறு, முந்திக்கொண்டு வருகிற விமானம் என்பது வேறு என்றேன். நூறு மைல் ஓடக்கூடிய காரில் எங்கள் ஒழுங்கையில் யாராவது நூறு மைலில் ஓடுவார்களா? தாழப் பறந்து இடம் பார்த்துக் குண்டு போடுகிறவனும் அப்படித்தான் என்றேன். அப்பா கேட்டுக்கொண்டிருந்துவிட்டு நேரே என்னைப் பார்த்தார்.

"உது கதை. எனக்கு நேரத்தை எழுதிக் காட்டு. சத்தத்தைவிட மெதுவா வாறதெண்டு காட்டினால் நானே கொண்டுபோய் வகுப்பிலை விடுறன்."

இரண்டு மைல்கல்

வழியை அவரே சொன்னார். எங்கள் படலைக்கு முன்னால் ஒரு பழைய மைல்கல், வகுப்புக் கொட்டிலுக்கு எதிரே இன்னொன்று. இடையில் சரியாக இரண்டு மைல். அந்தக் கிழமைகளில் விமானம் கடற்பக்கமிருந்து வந்து, எங்கள் வீதியையே பாதையாகப் பிடித்ததுபோல அதற்கு நேர் மேலாக வல்லை வெளிப் பக்கம் போய்க்கொண்டிருந்தது. குண்டு விழுகிற பக்கத்துக்குத் தூரமான முன் கல்லில் நான், கிட்டவான பின் கல்லில் அவர். எனக்கு மேலே வந்த நேரத்தை நான் எழுத வேண்டும், தன்னிடம் வந்த நேரத்தை அவர் எழுதுவார். கழித்தால் விடை. சத்தம் இரண்டு மைல் போக ஒன்பதரைச் செக்கன் எடுக்கும். விமானம் அதைவிடக் கூட எடுத்தால் எனக்கு வெற்றி, குறைய எடுத்தால் அப்பாவுக்கு வெற்றி.

அந்த வேலையை வேறு யாரிடமும் கொடுக்க அவர் சம்மதிக்கவில்லை. நேரம் எழுதத் தெரிந்தவன் எழுத வேண்டும் என்றார்.

முதல் இரண்டு நாள் விமானம் வரவில்லை. சேவிஸ் ஒழுங்கில்லை என்று அப்பா குறைப்பட்டுக்கொண்டார். மூன்றாம் நாள்தான் நான் தொடக்கத்தில் சொன்ன நாள். பத்து மணி தாண்டியிருந்தது. தந்திக்கம்பத்தின் நுனியை அடையாளம் வைத்துக்கொண்டு வீதியோரம் நின்றேன். படலைக்குப் பக்கத்துப் பங்கருக்குள் அம்மா இருந்தார்.

வந்தது. வெள்ளி ஊசி ஒன்று வானத்தைத் தைத்துக்கொண்டு போவதுபோல் கம்பத்தின் நுனியைக் கடந்தது. கையில் மணிக்கூடு, கண் வானத்தில், வாய் தன்பாட்டில் செக்கனைச் சொன்னது. எழுதிவிட்டு அம்மாவின் மடியில் போய் விழுந்தேன். நெஞ்சு படபடவென்று அடித்தது பயத்தாலா, சந்தோசத்தாலா என்று இன்றைக்கும் சொல்லத் தெரியவில்லை.

கொஞ்சம் பொறுத்து வல்லைப் பக்கமிருந்து இரண்டு வெடி கேட்டது. நிலம் அதிர்ந்தது. அங்கே ஆருடைய வீடோ, ஆருடைய பிள்ளையோ என்று அப்போதுதான் நினைவு வந்தது. பென்சிலைப் பிடித்திருந்த கையைப் பார்க்க எனக்கு வெட்கமாக இருந்தது, இப்போது எழுதும்போதும் இருக்கிறது. குண்டு வல்லை வெளியிலே விழுந்தது, ஆட்சேதம் இல்லை என்று மத்தியானம் செய்தி வந்த பிறகுதான் கணக்குக் கொப்பியைத் தொட்டேன்.

ஆறு

அப்பா பதிவேட்டைத் திறந்து வைத்தார். என் நேரத்தையும் அவர் நேரத்தையும் கழித்தோம். ஆறு செக்கன்.

திரும்பக் கழித்தேன். ஆறுதான். இரண்டு மைலுக்கு ஆறு செக்கன் என்றால் மணிக்கு ஆயிரத்து இருநூறு மைல். சத்தத்தைவிட ஒன்றரை மடங்கு. ஊர்க்கதை சரி, பெயர் சரி, அப்பா சரி. நான் மட்டும் பிழை.

வென்ற சந்தோசம் அப்பாவின் முகத்தில் துளிகூட இல்லை. தோற்க வேண்டும் என்றுதான் அவரும் சைக்கிளில் போயிருக்கிறார் என்று எனக்கு அப்போது விளங்கவில்லை. விளங்கியிருந்தால் அப்படிக் கதவை அடித்துச் சாத்தியிருக்க மாட்டேன்.

மறுநாள் காலையில் அம்மா உழுந்து அரைத்துக்கொண்டே என்னைத் திட்டினார். வகுப்புமில்லை, ஒன்றுமில்லை, உயிரைக் கொடுத்து வானம் பார்த்ததுதான் மிச்சம் என்று தொடங்கியவர், ஆட்டுக்கல்லை நிறுத்திவிட்டுச் சொன்னார்.

"சத்தம் கேட்டவுடனை நான் குளறிக் கூப்பிட்டனான். நீ அசையேல்லை. அது வந்து தலைக்கு மேலாலை போகுமட்டும் வாயைப் பிளந்துகொண்டு நிண்டனி."

நான் எழும்பி நின்றுவிட்டேன்.

சத்தம் கேட்டு அம்மா கூப்பிட்டார். அதற்குப் பிறகுதான் விமானம் வந்தது. நானே சத்தத்தைக் கேட்டுத்தானே நிமிர்ந்து பார்த்தேன்! சத்தத்தை முந்தி வருகிற விமானம் என்றால் தலைக்கு மேலே வரும்வரை ஒன்றும் கேட்டிருக்கக் கூடாது. ஒரு கெட்டிக்காரி மாதக்கணக்காகப் பௌதிகம் படித்து, இந்தச் சின்ன விசயத்தை ஆட்டுக்கல்லடியில் அம்மா சொல்லித்தான் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது.

அப்படியானால் ஆறு பிழை. என் நேரம் சரி, நான் கண்ணால் கண்டு எழுதியது. மிச்சம் இருப்பது அப்பாவின் நேரம். இருபத்திரண்டு வருடமாக வெட்டுத்திருத்தம் காணாத பதிவேடு.

ஹோன் கேட்டவுடன்

கேட்பதற்கு எனக்கு மத்தியானம் வரை துணிவு வரவில்லை. சோறு போட்டு, கறி போட்டு, தண்ணீர்ச் செம்பும் வைத்த பிறகு கேட்டேன்.

"அப்பா, நேற்று நீங்கள் பிளேனைக் கண்டனியளோ?"

"எழுதினனான்."

"கண்டு எழுதினியளோ?"

அவர் கை சோற்றில் நின்றது. பொய் சொல்லத் தெரியாத மனிதர். சத்தம் கேட்டது, உடனே நேரத்தை எழுதினேன், எழுதிவிட்டு வீதியோரக் கானுக்குள் குப்புறப் படுத்தேன் என்றார். விமானத்தை அவர் காணவே இல்லை.

ஏன் அப்படிச் செய்தார் என்று நான் கேட்கவில்லை, அவரே சொன்னார். சந்தியில் பஸ் வந்து நின்றதும் சனம் கூண்டைச் சுற்றி மொய்த்துவிடும். பிறகு மணிக்கூட்டைப் பார்க்க முடியாது. அதனால் வளைவில் ஹோன் கேட்டவுடனேயே வந்த நேரத்தை எழுதிவிடுவது வழக்கம். வளைவிலிருந்து சந்திக்கு எட்டிப்பிடிக்கிற தூரம், பஸ்ஸுக்கு அது பெரிய பிழை இல்லை. இருபத்திரண்டு வருடம் காதால் எழுதிய கை, விமானத்துக்கும் காதாலேயே எழுதிவிட்டது.

தட்டில் பாதிச் சோற்றை விட்டுவிட்டு எழும்பிப் போனார். கொட்டிக் கவிழ்த்துவிட்டோம் என்று நினைத்து நான் பொழுதுபடும்வரை மூலையில் இருந்தேன். விளக்கு வைக்கிற நேரம் வந்து, முகத்தைப் பார்க்காமல் சொன்னார்.

"நாளைக்கு எட்டு மணி பீப்புக்கு முதல் எழும்பு. கொம்மாட்டையும் சொல்லு."

பதினான்கு

அம்மா மறுபடியும் பெடல் சுற்றினார். இந்த முறை ஒரு முணுமுணுப்பும் இல்லை, கை பறந்தது. வானொலி கத்திய கத்தில் காகங்கள் முருங்கையை விட்டு எழும்பின.

அன்றைக்கு அப்பா என்ன செய்தார் என்பதைப் பங்கருக்குள் இருந்து பார்த்த மாஸ்ரர்தான் எங்களுக்குச் சொன்னார். சத்தம் கேட்டதும் சந்தியில் நின்ற சனமெல்லாம் ஓடியது. அப்பா மட்டும் மைல்கல்லுக்குப் பக்கத்தில், நடுவீதியில், பதிவேட்டை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றாராம். முதலில் குனிந்து ஏதோ எழுதினார். பிறகு கானைத் திரும்பிப் பார்த்தார். போகவில்லை. ஒரு கையால் வெயிலை மறைத்து நிமிர்ந்தார். ஐயா படுங்கோ, படுங்கோ என்று நாலு பக்கமும் குளறினார்கள். விமானம் தலைக்கு மேலே போனது, அதோடேயே அவர் கழுத்தும் திரும்பியது. பிறகு ஆறுதலாக இரண்டாம் முறை எழுதினார்.

வீட்டுக்கு வந்தவரின் வேட்டியில் ஒரு பொட்டு மண் இல்லை. பதிவேட்டில் இரண்டு நேரம் இருந்தது. ஒன்றுக்குப் பக்கத்தில் 'கேட்டது' என்றும் மற்றதுக்குப் பக்கத்தில் 'கண்டது' என்றும் எழுதியிருந்தார். என் நேரத்தைக் கழித்தேன். கேட்டதற்கு ஆறு செக்கன். கண்டதற்குப் பதினான்கு.

பதினான்கு! மணிக்கு ஐந்நூற்றுப் பதினாலு மைல்! சுப்பர்சொனிக் என்று ஊரையே கலக்கியவன் பயணிகள் போகும் சாதாரண ஜெட்டைவிடக் குறைந்த வேகத்தில் வந்துகொண்டிருந்தான். சத்தம் அவனுக்கு முன்னால், சொல்லிவைத்த மாதிரி ஓடி வந்து எங்களுக்குச் செய்தி சொல்லிக்கொண்டிருந்தது. நான் முற்றத்தில் துள்ளினேன். பதினேழு வயதுக் குமர்ப்பிள்ளை துள்ளுகிற துள்ளலா அது என்று அம்மா கேட்டார், கேட்டுக்கொண்டே தானும் சிரித்தார்.

அப்பா சிரிக்கவில்லை. முந்தநாள் எழுதிய நேரத்தின் மேல் ஒற்றைக் கோடு போட்டார். 'கேட்டது, கண்டதல்ல' என்று மேலே எழுதினார். பக்கத்தில் சுருக்கொப்பம் வைத்தார். இருபத்திரண்டு வருடத்தில் முதல் முறை. பேனாவை மூடிவிட்டு என்னைப் பார்த்தார்.

"அப்ப என்ரை பிழை எட்டுச் செக்கன்."

"ஓம் அப்பா. அந்த எட்டுச் செக்கன்தான் எங்களுக்கு ஓடுறதுக்கு இருக்கிற நேரம்."

அவர் காது கேட்ட கணத்துக்கும் கண் கண்ட கணத்துக்கும் இடையில் இருந்தது அதுதான். அவர் பிழையாக எழுதியிராவிட்டால் இரண்டையும் எழுதிப் பார்க்க ஒருவருக்கும் தோன்றியிராது. ரொக்கட், ஜெட், சுப்பர்சொனிக் என்று எத்தனையோ கதி எழுதிய என் கொப்பியில், எங்களுக்குப் பிரயோசனமான ஒரே எண் அப்பாவின் பிழையிலிருந்து வந்தது.

இருபத்தாறு சோடிச் செருப்பு

சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். அடுத்த நாளே சைக்கிள் கரியரில் என்னை ஏற்றிக்கொண்டு வகுப்புக்கு வந்தார். ஆனால் திரும்பிப் போகவில்லை. பதிவேட்டோடும் விசிலோடும் கொட்டில் வாசலில் ஒரு வாங்கைப் போட்டு அமர்ந்துவிட்டார். எட்டுச் செக்கன் கணக்கு ஊரில் பரவி, நின்ற பிள்ளைகளும் ஒவ்வொருவராக வரத்தொடங்கினார்கள். இருபத்தாறு நிரம்பியதும் அப்பா ஒரு ஒத்திகை வைத்தார். விசில் ஊதினார், நாங்கள் பங்கருக்கு ஓடினோம். பத்தொன்பது செக்கன்.

மாஸ்ரரின் முகம் வெளுத்துவிட்டது. அப்பா அசையவில்லை. பஸ் பிந்தினால் எங்கே பிந்தியது என்று பார்க்க வேண்டும் என்றார். இன்னொரு முறை ஊதிவிட்டு வாசலையே கவனித்தார். பிடித்துவிட்டார்.

செருப்பு! கொட்டிலுக்குள் சரசுவதி படம் மாட்டியிருந்ததால் எல்லாரும் செருப்பை வாசலில் கழற்றிவிட்டுத்தான் உள்ளே போவோம். ஓடும்போது அந்தக் குவியலுக்குள் தன் தன் சோடியைத் தேடி, மாட்டிக்கொண்டுதான் ஓடினோம். விமானம் வந்தாலென்ன, குண்டு விழுந்தாலென்ன, இன்னொருவருடைய செருப்பை மாட்டிக்கொண்டு போகலாமா? நான்கூட ஒற்றைச் செருப்போடு நின்று மற்றதைத் தேடினேன் என்று அப்பா எல்லாருக்கும் முன்னால் சொன்னார்.

அன்றிலிருந்து செருப்புகள் கொட்டிலின் மறுபக்கம் வேலியோரம் வரிசையாகப் போயின. வாங்குகளைத் திருப்பிப் போட்டோம். பங்கருக்கு இரண்டாவது வாசல் வெட்டினோம். பத்தொன்பது பதின்மூன்றானது, பதின்மூன்று பத்தானது. ஆட்டுக்குட்டி மாதிரித் துள்ளி, தள்ளுப்பட்டு, சிரித்து, அப்பாவிடம் ஏச்சு வாங்கி, கடைசியில் ஒருநாள் ஏழில் வந்து நின்றோம். ஏழு என்று அப்பா சொன்னபோது, பரீட்சை பாஸ் பண்ணியதுபோல் எல்லாரும் கைதட்டினோம்.

விமானம் மெய்யாகவே வந்தது, பரீட்சைக்கு இரண்டு கிழமை இருக்கும்போது. மாஸ்ரர் கரும்பலகையில் அலைகள் பற்றி எழுதிக்கொண்டிருந்தார். எங்களுக்கு ஒன்றும் கேட்க முன்னரே அப்பாவின் விசில் ஊதியது. இருபத்திரண்டு வருடம் வளைவைக் கேட்ட காது அது. வெறுங்காலோடு ஓடினோம். நான் உள்ளே விழுந்து திரும்பிப் பார்த்தபோது அப்பா வாசலில் நின்று ஒவ்வொரு தலையையும் விரலால் எண்ணிக்கொண்டிருந்தார். இருபத்தைந்து, இருபத்தாறு. அவர் எழுதுவதற்காக வெளியே நிற்கப்போகிறார் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

"அப்பா, ஏறுங்கோ," என்று கத்தினேன். இறங்குங்கள் என்று சொல்ல வேண்டிய இடத்தில் எனக்கு வாயில் வந்தது அதுதான்.

அவர் ஒரு கணம் என்னைப் பார்த்தார். பிறகு பதிவேட்டை மூடிக் கமக்கட்டில் வைத்துக்கொண்டு உள்ளே குதித்தார். தலைக்கு மேலே வானம் கிழிந்தது, நிலம் தூக்கிப் போட்டது, பனங்குற்றிகளுக்கு இடையிலிருந்து மண் கொட்டியது.

வெளியே வந்தபோது கொட்டிலின் பாதிக் கூரை இல்லை. கரும்பலகை வாங்குகளின் மேல் குப்புறக் கிடந்தது. வேலியோரத்தில் இருபத்தாறு சோடிச் செருப்பும் வைத்தது வைத்தபடி வரிசையாக, மண் நிரம்பிக் கிடந்தன.

அப்பா மைல்கல்லில் போய் இருந்து, கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு எழுதினார். பிந்தி அவர் இல்லாத காலத்தில் அந்தப் பதிவேடு என்னிடம் வந்தது. எத்தனை இடம்பெயர்வுக்குள்ளும் அதை நான் விட்டுவிட்டு ஓடவில்லை. அந்த நாளின் பக்கத்தை இப்போதும் எனக்குப் பார்க்காமல் சொல்ல முடியும். வாகனம் என்ற நிரலில் 'சுப்பர்சொனிக்'. வந்த நேரம் எழுதவில்லை, அந்த ஒரு இடம் மட்டும் வெறுமையாக இருக்கிறது. பயணிகள் இருபத்தாறு.

குறிப்பு என்ற நிரலில் நீல மையில் ஒரு வரி: 'ரைம்கீப்பரும் ஏறினார்.'